விஸ்தின் வீட்டுக் கல்லறையில் ஒரு விருந்தாளி

விஸ்தினால் ஓர் இடத்தில் உட்கார முடியாது. பஸ் ஓட்டுகிறவனுக்கு உட்காருவதுதானே வேலை என்று கேட்பீர்கள். ஓடுகிற பஸ்ஸில் உட்காருவான். நிற்கிற பஸ்ஸில் முடியாது. தலைநகரான வலேட்டாவின் கோட்டை வாசலில் மற்ற டிரைவர்கள் எல்லாம் நீரூற்றைச் சுற்றி நின்று தேநீர் குடித்து, பாலாடைக்கட்டி அடைத்த பஸ்திஸ்ஸி தின்றுகொண்டு ஊர்வம்பு பேசிக்கொண்டிருப்பார்கள். இவன் மட்டும் டயரை உதைத்துப் பார்ப்பான், கண்ணாடியைத் துடைப்பான், துடைத்த கண்ணாடியை மறுபடியும் துடைப்பான். அப்புறம் நேரத்துக்கு முன்பே வண்டியைக் கிளப்பிவிடுவான். பின்னால் மூச்சிரைக்க ஓடிவருகிற கிழவிகள் அவனை வாய்க்கு வந்தபடி திட்டிக்கொண்டே ஏறுவார்கள். மால்டாவில் பட்டப்பெயர் இல்லாத குடும்பம் கிடையாது. எங்கள் ஊர் அவனுக்கு வைத்த பெயர் 'அவசரம்'. தபால்காரரே அவசரத்தின் வீடு என்றால்தான் புரிந்துகொள்வார்.

பிறந்ததும் அப்படித்தான். யுத்தத்தில் இத்தாலிக்காரனும் ஜெர்மன்காரனும் மாறி மாறிக் குண்டு போட்ட வருஷம், ஊரே பாறையைக் குடைந்த பதுங்குகுழிக்குள் கிடந்தது. சொன்ன நாளுக்கு வெகு முன்னால் அந்த இருட்டுக்குள் வந்து விழுந்தான். தகப்பன் கப்பல் பட்டறையில் குண்டு விழுந்து போய்விட்டார், உடல்கூடக் கிடைக்கவில்லை. தாய் கொஸ்தான்ஸா இந்த ஒற்றைப் பிள்ளையை எப்படியோ வளர்த்து ஆளாக்கினாள். அவளும் போய்ச்சேர்ந்து வருஷங்கள் ஆகிவிட்டன. விஸ்தினுக்கும் மேனாவுக்கும் பிள்ளை இல்லை. இருந்தது ஒரு பஸ். சொந்த பஸ், மஞ்சள் நிறம், முன் கண்ணாடிக்கு மேலே தங்க எழுத்தில் மாதாவின் பெயர்.

கடல்காற்றில் பஸ் துருப்பிடிக்கிறது என்று அவனுக்கு ராத்திரி பகலாக ஒரே அரிப்பு. வீட்டுக்குப் பின்னால் பாறையை வெட்டி பஸ்ஸுக்கு ஒரு கொட்டகை போட்டுவிட வேண்டும் என்று முடிவுசெய்தான். ஆள் பிடித்து வேலை வாங்குகிற பொறுமை அவனுக்கு ஏது? வாடகைக்கு ஒரு துளைக்கும் மெஷினை எடுத்துவந்து, பஸ் ஓட்டாத நேரமெல்லாம் தானே வெட்டினான். பக்கத்து வீடுகளில் சாமி படங்கள் ஆணியோடு கழன்று விழுந்தன. அக்டோபர் கடைசியில் ஒரு மத்தியானம் மெஷின் முனை சரக்கென்று உள்ளே போனது. அதன் பின்னாலேயே அவன் காலும் போனது.

காலை இழுத்துக்கொண்டு, டார்ச்சை அடித்து, குப்புறப் படுத்து எட்டிப் பார்த்தான். கீழே ஒரு சின்ன அறை. நான்கு பக்கமும் ஒழுங்காகச் செதுக்கியது. ஒரு பக்கம் பாறையிலேயே வெட்டிய மேடை. மேடை மேல் ஒருத்தி ஒருக்களித்துப் படுத்திருந்தாள். எலும்புதான், ஆனாலும் படுத்திருந்தாள் என்றுதான் சொல்ல வேண்டும். மணிக்கட்டில் பச்சை பூத்த ஒரு வளையல். தலைமாட்டில் ஒரு கூஜா, ஒரு மண் விளக்கு, நடுவில் ஓட்டை போட்ட ஒரு சின்னக் கல்வட்டு.

"மன்னிச்சுக்கம்மா" என்று சொல்லிவிட்டு டார்ச்சை அணைத்தான். குளிக்கிற இடத்துக் கதவைத் தெரியாமல் திறந்துவிட்டவன் மாதிரி அவன் முகம் சிவந்துபோனது.

இந்தத் தீவில் எங்கே தோண்டினாலும் யாராவது ஒருவர் ஏற்கெனவே படுத்திருப்பார். கிணறு வெட்டினால் கல்லறை, சாக்கடை வெட்டினால் கோயில். கண்டவுடன் சர்க்காரிடம் சொல்ல வேண்டும் என்பது சட்டம், அது பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரியும். சொன்னால் என்ன ஆகும் என்பதும் தெரியும். மூன்றாவது தெருவில் கல்சிதோன் என்ற ஒரு யோக்கியர் இருந்தார். சமையலறைத் தரையில் ஒரு குழியைக் கண்டு ஓடிப்போய்ச் சொன்னார். அவர்கள் வந்து சுற்றிலும் கயிறு கட்டிவிட்டுப் போனார்கள். அவர் மனைவி படுக்கையறையில் முயல்கறி சமைத்துச் சமைத்து, அவர் பேத்தியின் கல்யாண உடுப்பில் பூண்டு வாசனை வீசியது. அதற்குப் பிறகு எங்கள் ஊரில் யாரும் எதையும் கண்டதில்லை.

விஸ்தினும் காணாமலே இருக்கத்தான் நினைத்தான். சிமெண்டுக்குச் சொல்லியாகிவிட்டது. ஆனால் மேனா வந்து எட்டிப் பார்த்துவிட்டாள்.

"பொம்பள" என்றாள்.

"எலும்புதான மேனா. எந்தக் காலத்துதோ."

"எலும்புக்கு எதுக்கு வளையலு? பொம்பள. ஒரு பொம்பள தல மேல நீ பஸ்ஸ நிறுத்துவியா? பிரேக்கு பிடிக்குமா அப்புறம்?"

"அப்ப என்ன பண்ணச் சொல்ற? சர்க்காருக்குச் சொன்னா கயித்தக் கட்டிடுவான். பஸ்ஸு நம்ம சாகறவரைக்கும் தெருவுலதான் நிக்கும்."

"சர்க்காருக்குச் சொல்லச் சொல்லல. அடக்கம் பண்ணுனு சொல்றேன்."

"அவ அடக்கமாகித்தான கெடக்கா!"

"ஒரு செபம் இல்லாம, சிலுவை இல்லாமயா?"

அதற்குள் நவம்பர் பிறந்துவிட்டது. எங்களுக்கு நவம்பர் முழுக்க உத்தரிக்கிற ஸ்தலத்தில் வேகிற ஆத்துமாக்களின் மாதம். கடைகளில் 'செத்தவர் எலும்பு' வந்துவிடும். எலும்பு வடிவத்தில், உள்ளே பாதாம் விழுதும் மேலே வெள்ளைச் சர்க்கரைப் பாகுமாக ஒரு பிஸ்கட். வருஷம் தவறாமல் டஜன் கணக்கில் தின்கிறவன் விஸ்தின். அந்த வருஷம் ஒன்றை எடுத்து வாய் வரை கொண்டுபோய், திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுத் தட்டிலேயே வைத்துவிட்டான். படுத்தால் தூக்கம் இல்லை. எழுந்து பின்கட்டுக்குப் போவான், குழியை மூடின பலகையை நகர்த்துவான், மறுபடி மூடுவான்.

"அவ கிறிஸ்தவளானு கூடத் தெரியாதே" என்றான் மேனாவிடம். "பவுல் அப்போஸ்தலர் கப்பல் ஒடஞ்சு நம்ம கரையில ஏறினாரே, அதுக்கு முன்னாடியே செத்திருந்தா?"

"அப்ப அவளுக்குச் சொல்றதுக்கு ஒரு ஆளே வரலியே, பாவம். அவ மேல என்ன தப்பு?" என்றாள் மேனா. பிறகு குழி ஓரம் முட்டி போட்டு, உள்ளே பார்த்து, தெளிவாகவே சொன்னாள். "உன்ன நல்ல எடத்துல வைக்கிறோம்மா. இனிமே யாரும் ஒன்ன எட்டிப் பாக்க மாட்டாங்க. இது என் வாக்கு."

எங்கள் ஊர்க்காரனுக்கு மட்டுமே தோன்றக்கூடிய முடிவு இது. வேறு எவனாவது ஒன்று சர்க்காரிடம் போயிருப்பான், இல்லை சிமெண்டைக் கொட்டியிருப்பான். விஸ்தின் அவளைத் தன் குடும்பக் கல்லறையில் அடக்கம் செய்யக் கிளம்பினான்.

அதற்கும் ஓர் ஓய்வுநாள் வரை பொறுக்க முடியவில்லை. எலும்புகளை மேனாவின் நல்ல படுக்கை விரிப்பில் சுற்றி, கோதுமை மாவுச் சாக்கில் போட்டு, காலை முதல் நடையிலேயே பஸ்ஸில் ஏற்றினான். தன் கண்ணுக்கு எதிரே இருக்கட்டும் என்று முன்சீட்டில் வைத்தான். அடுத்த ஊரில் நுன்சியாத்தா ஏறினாள். தினம் நகரத்துக்கு மீன் வாங்கப் போகிற கிழவி. கண் மங்கல், வாய் மட்டும் பளிச்.

"என்னடா இது சீட்டுல? முட்டைக்கோஸா?"

"எலும்பு, நுன்சியாத்தா."

"சூப்புக்கா?"

"இல்ல."

"நாய்க்கு இவ்வளவு வாங்குவியா நீ? கஞ்சப்பய!" என்று சாக்கை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். நகரம் வரும் வரை அதன் மேல் கையை ஊன்றிக்கொண்டு, மருமகளைப் பற்றிப் புகார் சொல்லிக்கொண்டே வந்தாள். விஸ்தினுக்கு வேர்த்துக் கொட்டியது. இரண்டு சிவப்பு விளக்கைக் கவனிக்காமல் தாண்டினான்.

திரும்பி வருகிற வழியில் பஸ்ஸைக் கல்லறைத் தோட்டத்து வாசலிலேயே நிறுத்திவிட்டான். குழி வெட்டுகிற ஸ்பிரு அவனுடைய பள்ளிக்கூடத்து சிநேகிதன். எங்கள் குடும்பக் கல்லறைகள் பாறையில் வெட்டிய தொட்டிகள். சில வருஷம் போனதும் உள்ளே இருப்பவரின் எலும்பை ஒரு பையில் கட்டி, அடுத்தவருக்கு இடம் விட்டு அடியில் தள்ளிவிடுவது வழக்கம். விஸ்தின் வீட்டுத் தொட்டியில் அம்மா கொஸ்தான்ஸா ஒரு பையிலும், அவளுக்குப் பின்னால் போன அவள் அண்ணன் சிதோர் ஒரு பையிலும் இருந்தார்கள். சிதோர் மாமா கல்யாணமே செய்துகொள்ளாதவர். பெண்கள் எதிரே வந்தால் எதிர்ப்பக்கம் போய்விடுவார்.

"முன்னப்பின்ன தெரியாத பொம்பளைய இங்க எறக்கினா, மாமா எந்திரிச்சு ஓடப்போறாரு" என்றான் ஸ்பிரு, கல் மூடியைக் கம்பியால் நெம்பிக்கொண்டே.

"பேசாம சீக்கிரம் பண்ணுடா. பஸ்ல ஆளுங்க உக்காந்திருக்காங்க."

"இதுக்கு ஒரு பையாவது கொண்டாந்தியா?"

"படுக்கை விரிப்பு இருக்கு. போடு போடு."

உள்ளே ஈரத்தில் பழைய பைகள் இற்றுப்போயிருந்தன. ஸ்பிரு ஒன்றை ஒதுக்கிவைக்கக் குனிந்தான். வாசலில் பஸ் ஹாரனை யாரோ அழுத்திப் பிடித்தார்கள். விஸ்தினுக்குக் கை பரபரத்தது. சாக்கைத் தலைகீழாகப் பிடித்து அப்படியே கொட்டிவிட்டான். விரிப்பு சாக்கிலேயே சிக்கிக்கொண்டது. எலும்புகள் மட்டும் கடகடவென்று போய்ப் பழைய எலும்புகளோடு கலந்தன.

"அட அவசரமே!" என்றான் ஸ்பிரு.

ஒரு பரமண்டல மந்திரத்தைப் பாதி சொல்லி, மீதியைப் பஸ்ஸுக்கு ஓடுகிற வழியில் சொல்லி முடித்தான் விஸ்தின்.

அன்றோடு எல்லாம் தீர்ந்திருக்க வேண்டும். குழி மூடியாயிற்று, மேலே சிமெண்டும் போட்டாயிற்று, பஸ் கொட்டகைக்குள் நின்றது. விளக்கும் வளையலும் கல்வட்டும் குழிக்குள்ளேயே தங்கிவிட்டன. ஆனால் வெளியே எடுத்துவிட்ட கூஜாவை என்ன செய்வது? தூக்கிப்போட மனம் வரவில்லை, வீட்டில் வைக்க மேனா விடவில்லை. பஸ்ஸில் ஸ்டியரிங்குக்கு முன்னால், பிரயாணிகளைக் காக்கிற கிறிஸ்தோபர் புனிதரின் சிலைக்குப் பக்கத்தில் வைத்து, அதில் பிளாஸ்டிக் ரோஜாக்களைச் செருகிவிட்டான். பார்க்க நன்றாகத்தான் இருந்தது.

பஸ்ஸில் தினம் ஒரு பெண் ஏறுவாள். மிஸ் ஆஜுஸ் என்று பெயர். தீவின் பழம்பொருள்களைப் பார்த்துக்கொள்கிற சர்க்கார் வேலை. அடுத்த வருஷம் ஈஸ்டருக்குப் பிறகு ஒரு நாள் அவள் முன்சீட்டில் உட்கார்ந்தாள். அந்தக் கூஜாவைப் பார்த்தாள். வழி முழுக்கப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

"அழகா இருக்கே, எங்க வாங்கினீங்க?"

"சந்தையில" என்றான்.

மறுநாளும் முன்சீட்டில் உட்கார்ந்தாள்.

"எந்தச் சந்தையில?"

"அது... மாமா குடுத்தாரு."

மூன்றாம் நாள் ஒன்றுமே கேட்கவில்லை. சும்மா பார்த்தாள், அவ்வளவுதான். கேள்வி கேட்டால்கூடத் தாங்கிக்கொள்வான் அவன், சும்மா இருப்பதைத் தாங்கமாட்டான். பாதி வழியில், வயல்களுக்கு நடுவில், பஸ்ஸை ஓரம் கட்டி இன்ஜினை அணைத்தான். கூஜாவை எடுத்து ரோஜாக்களை உருவிப்போட்டு அவள் மடியில் வைத்தான்.

"எங்க வீட்டுப் பின்னாடி ஒரு பொம்பள இருந்தா. அவளோடது. அவள எங்க குடும்பக் கல்லறையில வச்சிருக்கேன். பொன்னு மாதிரித்தான் பாத்துக்கிட்டோம். இப்ப என்ன பண்ணணுமோ பண்ணுங்க, என்னால முடியல."

பின்னால் நுன்சியாத்தா கத்தினாள். "பாவசங்கீர்த்தனத்துக்குக் கோயிலு இருக்குடா! மீனு நாறிடும், வண்டிய எடு!"

கோர்ட்டில் ஒரு அதட்டலோடு விட்டார்கள். சிமெண்டை உடைத்து விளக்கையும் வளையலையும் கல்வட்டையும் எடுத்துக்கொண்டு, பின்கட்டில் கயிறு கட்டினார்கள். பஸ் பழையபடி தெருவுக்கு வந்தது. விஸ்தினுக்கு அதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை, மனசு லேசாகிவிட்டது. அப்புறம்தான் மிஸ் ஆஜுஸ் எலும்புகளும் வேண்டும் என்றாள். அனுமதி வாங்கி, பங்குச் சாமியாரையும் வைத்துக்கொண்டு ஒரு காலையில் கல்லறையைத் திறந்தார்கள். விஸ்தினும் போனான். கல் மூடி நகர்ந்ததும் இரண்டடி பின்னால் போனான். உள்ளே அம்மா இருக்கிறாள், எந்த எலும்பாக இருக்கிறாளோ!

"நீங்க கூட இருந்தா நல்லது. அடையாளம் சொல்ல முடியுமா பாருங்க" என்றாள் மிஸ் ஆஜுஸ்.

"பஸ்ஸுக்கு நேரமாச்சு. நீங்களே பாத்து எடுத்துக்கங்க" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் நடந்துவிட்டான்.

நடந்ததை ஸ்பிருதான் பிற்பாடு சொன்னான். ஆண் மண்டையோடு ஒன்று, பெண் மண்டையோடு இரண்டு. எல்லாம் ஒரே ஈரத்தில் கிடந்து ஒரே செம்பழுப்பு. "நான் பானைக்காரி ஸ்பிரு, எலும்புக்காரி இல்ல" என்று மிஸ் ஆஜுஸ் தவித்தாளாம். எலும்பு படித்தவர் வெளிநாட்டிலிருந்து வர நாளாகும், அன்றைக்கே கல்லறையை மூடியாக வேண்டும். ஒன்றில் பல்லே சரியாக இல்லை. மற்றொன்றை வெகுநேரம் திருப்பிப் பார்த்துவிட்டு, "இதுதான்!" என்றாளாம்.

அடுத்த கோடையில் ஊர்த் திருவிழா வாரத்தில், பழைய காற்றாலையைச் சுண்ணாம்பு அடித்து ஒரு சின்ன அருங்காட்சியகமாகத் திறந்தார்கள். பேண்டு வாசித்தது, பட்டாசு வெடித்தது, கின்னி சோடா பாட்டில்கள் இலவசம். டிக்கெட் கிழிக்க ஸ்பிருவைப் போட்டார்கள். "செத்தவங்களுக்குக் காவல் அங்கயும் நான்தான், இங்கயும் நான்தான்" என்று அவன் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தான். நடு அறையில் கண்ணாடிப் பெட்டி. அதில் கூஜா, விளக்கு, வளையல், கல்வட்டு. அவற்றின் நடுவே மண்டையோடு. கீழே எழுதியிருந்தது: நூல் நூற்ற பெண், இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முன்.

விஸ்தின் கூட்டத்தை முட்டிக்கொண்டு முதல் ஆளாய்ப் போய் நின்றான். பெருமையாகத்தான் இருந்தது. அவன் வீட்டுப் பெண் அல்லவா! குனிந்து பார்த்தான். மேல்வரிசை முன்பல் ஒன்றில், ஓரமாக, ஒரு சின்ன முக்கோண வெட்டு.

அந்த வெட்டு அவனுக்குத் தெரியும். கடற்படைக்காரர்களின் சட்டைக் காலர்களை வீட்டில் வைத்துத் தைத்தவள் கொஸ்தான்ஸா. கத்தரிக்கோலை எடுக்க அவளுக்கு நேரம் ஏது? நூலைப் பல்லில் வைத்து ஒரு கடி, அடுத்த காலர். அந்த ஒரே பல்லில் முப்பது வருஷம் கடித்துக் கடித்து விழுந்த வெட்டு அது. அவள் சிரித்தால் முதலில் தெரிவது அதுதான். சின்ன வயதில் அதில் விரல்நகத்தை வைத்துப் பார்த்து அவளிடம் அடி வாங்கியிருக்கிறான்.

கூட்டத்தை முட்டிக்கொண்டே வெளியே வந்தான். காற்றாலைக்குப் பின்னால் போய்க் கள்ளிச்செடிகளைப் பிடித்துக்கொண்டு வாந்தி எடுத்தான். கின்னி ஒத்துக்கொள்ளவில்லை என்று கேட்டவர்களிடம் சொன்னான்.

யாரிடம் போய்ச் சொல்வது? சொன்னால் ஊர் சிரிக்கும். கூட நிற்கச் சொன்னார்கள், நிற்காமல் ஓடினான், பெற்ற தாயைக் கண்ணாடிப் பெட்டிக்குள் அனுப்பினான். இது ஒரு தலைமுறைக்குப் போதுமான கதை. ஆனால் சொல்லாமல் எத்தனை நாள் இருப்பது? தினமும் கடைசி நடை முடிந்ததும் காற்றாலைக்குப் போனான். ஐம்பது சதம் கொடுத்து டிக்கெட் வாங்கினான். பெட்டி முன் நின்றான், இந்தக் காலில் அந்தக் காலில் மாறி மாறி. ஸ்பிரு மூன்று நாள் பொறுத்தான்.

"என்னடா, அந்தப் பொண்ணு மேல காதலா?"

இவன் வாயைத் திறக்கவில்லை. ஸ்பிருவோ வாயை மூடவில்லை. வாரம் முடிவதற்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது. மேனா கையில் கரண்டியோடு வாசலில் நின்றாள்.

"மியூசியத்துல ஒருத்தியப் பாக்க டிக்கெட் வாங்கிட்டுப் போறியாமே? ரெண்டாயிரம் வயசு மூத்தவளாமே?"

விஸ்தின் வாசற்படியிலேயே நின்று அழுதுவிட்டான். சிரிப்பதா திட்டுவதா என்று புரியாமல் மேனா கரண்டியைக் கீழே வைத்தாள். உள்ளே கூட்டிப்போய் உட்காரவைத்துக் கேட்டாள். சொன்னான்.

"அந்தப் பல்லா? நல்லாப் பாத்தியா?"

"என் அம்மா பல்லு எனக்குத் தெரியாதா?"

மேனாவுக்கும் தெரியும். மாமியாரின் அந்தச் சிரிப்புக்கு முன்னால் உட்கார்ந்து வருஷக்கணக்கில் ரவியோலிக் கொழுக்கட்டை பிடித்தவள் அவள். கரண்டியைக் கழுவி எடுத்துவைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"நீ போய்ச் சொன்னா, மறுபடி தோண்டுவாங்க."

"தோண்டட்டும்."

"உங்கம்மா திரும்பி வருவா. அந்தப் பொம்பள கண்ணாடிக்குள்ள போவா. இனிமே யாரும் ஒன்ன எட்டிப் பாக்க மாட்டாங்கன்னு அவளுக்கு நான் வாக்குக் குடுத்திருக்கேன்."

"அதுக்காக எங்கம்மா அங்க ஊரு மொறச்சுப் பாக்கக் கெடக்கணுமா?"

"உங்கம்மாவுக்கு அழறதுக்கு நீ இருக்க. அவளுக்கு யாரு இருக்கா?"

சண்டை ஒரு வாரம் ஓடியது. சாப்பாட்டிலும் சண்டை, செபமாலையின் நடுவிலும் சண்டை. மேனா சொல்வதிலும் நியாயம் இருக்கிறது என்பதுதான் அவனை இன்னும் பாடாய்ப் படுத்தியது. அம்மா சாகிற அன்று, "கொஞ்சம் இப்படி உக்காரேன்டா" என்று கேட்டாள். வண்டியில் எண்ணெய் பார்த்துவிட்டு வந்துவிடுகிறேன் என்று போனான், வருவதற்குள் முடிந்துவிட்டது. இதை அவன் மேனாவிடம்கூட அதுவரை சொன்னதில்லை. அந்த வாரம் சொன்னான். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும், "வா, நானும் ஒரு தடவ பாத்துடறேன்" என்று காற்றாலைக்கு அவனோடு நடந்தாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் மிஸ் ஆஜுஸ் வந்து ஜனங்களுக்கு விளக்கம் சொல்வாள். அன்று பத்துப் பதினைந்து பேர் இருந்தார்கள். நுன்சியாத்தாவும் மருமகளை இழுத்துக்கொண்டு வந்திருந்தாள். விஸ்தினும் மேனாவும் பின்னால் நின்றார்கள்.

"இந்தக் கல்வட்டு இருக்கே, இது நூல் நூக்கற கதிரோட அடிக்கல்லு" என்றாள் மிஸ் ஆஜுஸ். "இப்ப இந்தப் பல்லப் பாருங்க. ஒரு சின்ன வெட்டு தெரியுதா? நூலக் கடிச்சுக் கடிச்சு விழுந்தது. ஒரு நாள் ரெண்டு நாள்ல விழாது. வாழ்நாள் பூரா விடாம ஒழச்சிருந்தாத்தான் பல்லு இப்படித் தேயும். இவளுக்கு ஓய்வுன்னு ஒண்ணு இருந்திருக்காது. யாரோ ஒருத்தருக்குச் சோறு போடறதுக்காக இவ ராவும் பகலும் கடிச்சு அறுத்திருக்கா. ராஜா ராணி கதை எல்லாரும் எழுதி வச்சிருக்காங்க. இவ கதைய இந்தப் பல்லு மட்டுந்தான் வச்சிருக்கு."

கொஸ்தான்ஸாவைப் பற்றி அவள் உயிரோடு இருந்தபோதும் செத்தபிறகும் யாரும் இப்படி நாலு வார்த்தை சொன்னதில்லை. சாவுப்பூசையில் சாமியார்கூட அவள் பெயரைத் தவறாகத்தான் வாசித்தார். அவள் தைத்துக்கொண்டிருந்த அத்தனை வருஷமும் அவன் அந்த வீட்டுக்குள் வந்ததும் போனதும்தான் அவனுக்கு நினைவிருந்தது. ஒரு நாள் அவள் பக்கத்தில் இருந்து அந்தக் கையைப் பார்த்ததாக நினைவில்லை.

நுன்சியாத்தா பெட்டிக்கு மிக அருகில் போய் மங்கின கண்ணைச் சுருக்கினாள். "புள்ளகுட்டி ஏதாச்சும் இருந்துச்சாம்மா இவளுக்கு?"

"இருந்திருக்கலாம்" என்றாள் மிஸ் ஆஜுஸ். "அதச் சொல்றதுக்குத்தான் யாரும் இல்ல."

மேனாவின் விரல்கள் அவன் முழங்கையைப் பிடித்தன. கிள்ளப்போகிறாள், வாயை மூடு என்று சொல்லப்போகிறாள் என்று நினைத்தான். அவள் கண்ணெல்லாம் நிறைந்திருந்தது.

"வாக்குக் குடுத்தேனே, அவகிட்ட நான் மன்னிப்புக் கேட்டுக்கறேன்" என்றாள் மெதுவாக. "நீ சொல்லு."

விஸ்தின் தொப்பியைக் கழற்றினான். இருமிப் பார்த்தான்.

"ஒரே ஒரு பையன்" என்றான்.

எல்லோரும் திரும்பினார்கள். வாசலில் ஸ்பிரு டிக்கெட் கிழிப்பதை நிறுத்திவிட்டான்.

"அவ பேரு கொஸ்தான்ஸா. கடற்படைக்குச் சட்டை தச்சா. இந்த ஊருதான். ஒரே பையன், பஸ் ஓட்டறான்."

மிஸ் ஆஜுஸ் அவனைப் பார்த்தாள், பெட்டியைப் பார்த்தாள், அந்தப் பல்லைப் பார்த்தாள். அவள் முகத்தில் இரத்தமே இல்லை. "கடவுளே!" என்றாள். "விஸ்தின், நான்... உங்ககிட்ட அன்னைக்குக் கேட்டேனே!"

"கேட்டீங்க. நான்தான் ஓடிட்டேன்" என்றான் விஸ்தின். "பெட்டியத் தொறங்க மிஸ். எங்கம்மாவ என் கையில குடுங்க. எவ்வளவு நேரமானாலும் சரி, இங்கயே நிக்கறேன்."